தோற்கத் தெரிந்தவர்

1

இந்தக் கதையைத் தட்சிணாமூர்த்தி என்னிடம் சொன்னது 1979-ல், ஆர்.கே.புரம் பஸ் ஸ்டாப்பில். முடித்ததும், "எழுதிடாதீங்க சார்" என்றார். எழுதிக்கொண்டிருக்கிறேன்.

'ஐரோப்பாவின் செம்மண் களங்களில் ஒரு காலத்தில்...'

இந்த ஆரம்பம் வேண்டாம். நான்கு கோடைகள் அங்கே தொழில்முறை டென்னிஸ் ஆடினார். பெரும்பாலும் முதல் சுற்றிலேயே தோற்றார். ஒரே ஒரு தடவை காலிறுதி. பிறகு முழங்கால் போயிற்று.

2

டில்லியில் அவருக்கு வேலை வாங்கிக் கொடுத்தவர் இணைச் செயலர் ராஜகோபாலன். ஞாயிறு காலைகளில் அவரோடு ஆட வேண்டும். அது வாய்விட்டுச் சொல்லாத நிபந்தனை. தோற்பது மட்டும் தட்சிணாமூர்த்தியே சேர்த்துக்கொண்டது. ஆறு வருஷம், சந்தேகம் வராதபடி, மயிரிழையில் தோற்றார்.

(தோற்பதும் ஒரு திறமைதான் என்று இங்கே ஒரு பத்தி எழுதி அடித்துவிட்டேன். அவருக்கு அதில் பெருமை இருக்கவில்லை. நினைத்தால் ஜெயித்துவிடலாம் என்ற எண்ணம் மட்டும் மிச்சமிருந்தது. அதை வைத்துத்தான் திங்கட்கிழமை ஆபீஸுக்குப் போனார்.)

3

ஒரு ஞாயிறு மகள் விஜயலக்ஷ்மியும் கூட வந்தாள். பன்னிரண்டு வயது. அப்பா பெரிய ஆட்டக்காரர் என்று சொன்னதற்குப் பள்ளியில் சிரித்திருக்கிறார்கள்.

"ஒரே ஒரு வாட்டி ஜெயிச்சுக் காட்டுப்பா."

"அச்சா" என்றார்.

அன்று உண்மையாகவே ஆடினார். பந்து எங்கே விழும் என்பது முன்கூட்டியே தெரிந்தது. கால்தான் அங்கே போய்ச் சேரவில்லை. முதல் செட் போயிற்று. இரண்டாவதில் பல்லைக் கடித்துக்கொண்டு ஓடினார். அதுவும் போயிற்று. ஐம்பத்தாறு வயது ராஜகோபாலன், தொந்தியோடு, ஜெயித்தார்.

(தட்சிணாமூர்த்தி ஜெயிப்பதாகவும் அரைப் பக்கம் எழுதினேன். மகள் எழுந்து கைதட்டும் இடம் வந்ததும் எனக்கே கூச்சமாக...)

4

ராஜகோபாலன் மூச்சிரைக்க வந்து தோளில் தட்டினார். "குழந்தை முன்னாடிகூடவா ஓய் விட்டுக்கொடுக்கணும்? இத்தனை வருஷமா எனக்குத் தெரியாதுன்னா நெனச்சீர்?"

தட்சிணாமூர்த்தி சிரித்து வைத்தார். வேறென்ன செய்வது?

வெளியே வந்து சைக்கிள் பூட்டைத் திறந்தார். மகள் கேரியரில் ஏறவில்லை.

"வேணும்னேதானே தோத்தே? சொல்லுப்பா."

ஆமாம் என்றால் மகள் கண்ணில் கோழை. இல்லை என்றால் அவருக்கென்று இனி...

என்ன பதில் சொன்னார் என்பதை மட்டும் அவர் என்னிடம் சொல்லவில்லை. இரண்டு பதிலையும் எழுதிப் பார்த்துவிட்டேன். எதற்குப் பிறகும் அவரால் சைக்கிளை மிதிக்க முடியவில்லை. உங்களுக்கு ஏதாவது தோன்றினால் சீக்கிரம் சொல்லுங்கள். அவள் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டு நிற்கிறாள்.