சம்பந்தக் காப்பி

காப்பிக் கூஜாவையும் பிடியில்லாத ஒரு சின்னக் கோப்பையையும் எடுத்துக்கொண்டு ஹிக்மத் ஊர் எல்லையிலிருந்த மஞ்சள் இரும்புக் கதவுக்கு நடந்தார். அவர் மகள் ருதைனாவைப் பெண் கேட்டு வீட்டுக்கு வரவேண்டியவர்கள், கதவுக்கு அந்தப்புறம், நாப்லுஸ் நகரத்தில் தைத்த கோட்டும் தலைத்துணியுமாக வெயிலில் வெந்துகொண்டிருந்தார்கள். காலையில் திறந்திருந்த கதவுதான். ஊரைப் பிடித்து வைத்திருந்த பட்டாளத்துக்காரனுக்கு என்ன தோன்றியதோ, மூடிவிட்டான். காரணம் சொல்லக் கொஞ்சமாவது மூளை வேண்டுமே என்று நினைத்துக்கொண்டார்.

மாப்பிள்ளை இந்த ஊருக்கே குடிவர வேண்டும். இல்லையென்றால் பெண் இல்லை. மனைவியிடம் சத்தியம் செய்துவிட்டுத்தான் கிளம்பியிருந்தார். ருதைனாவை அந்தப்புறம் அனுப்பிவிட்டால், மகள் முகத்தைப் பார்க்க இந்தப் பயல்களின் தயவுக்கு அல்லவா காத்துக்கிடக்க வேண்டும்?

கம்பி இடுக்கில் கோப்பையை நீட்டினார். மாப்பிள்ளையின் பெரியப்பா ஹாஜி முஃப்லிஹ் வாங்கி, பெண் கேட்க வந்தவர்களின் வழக்கப்படி, குடிக்காமல் கையிலேயே வைத்துக்கொண்டார். கேட்டது கிடைக்குமுன் வாயில் வைத்தால் வந்த காரியம் கெட்டது, ஊரே சிரிக்கும்.

"தம்பி ஹிக்மத், நாங்க எதுக்கு வந்திருக்கோம்னா..."

"என்னது அது?" இந்தப்புறம் நின்ற சிப்பாய் வந்தான். மீசைகூட முளைத்து முடியாத முகம். "குடிச்சுக் காட்டு, கிழவா."

"பேசி முடிச்சுட்டுக் குடிக்கிறேன்."

"இப்பவே குடி!" துப்பாக்கி முனை கம்பி வழியாக ஹாஜியின் நெஞ்சுக்கு ஏறியது.

பின்னால் நின்ற ஆண்கள் தரையைப் பார்த்தார்கள். ஹிக்மத் கம்பியைப் பற்றிக்கொண்டார். நாற்பது கல்யாணம் பேசி முடித்த மனிதரை இந்தப் பொடியன் அவமானப்படுத்துவதா?

"குடுத்துட்டேன், ஹாஜி," என்றார் உரக்க. "எம் பொண்ணு இனி உங்க வீட்டுப் பொண்ணு. குடிங்க."

மாப்பிள்ளை இங்கே குடிவர வேண்டும் என்ற நிபந்தனையை அவர் சொல்லவே இல்லை.

ஹாஜி அவரையே பார்த்துக்கொண்டு, நிதானமாக, சொட்டு விடாமல் குடித்தார். தான் அதட்டியதால்தான் கிழவன் குடித்தான் என்று சிப்பாய்க்குப் பெருமை. மடையன்.

"எனக்கும் ஊத்து," என்றான் இளித்துக்கொண்டே.

ஹிக்மத் கூஜாவைக் கவிழ்த்து, மிச்சக் காப்பியை அவன் பூட்ஸுக்கு முன்னால் மண்ணில் ஊற்றினார். "தீந்துபோச்சு."

அவன் ஏதோ கத்தினான். ஹிக்மத் திரும்பிப் பார்க்காமல் நடந்தார். மேட்டில் அவர் வீட்டு மாடி தெரிந்தது. ஹாஜி குடித்ததை மனைவி அங்கிருந்து பார்த்திருக்கிறாள். நிபந்தனைக்கு ஒப்புக்கொண்டுவிட்டார்கள் என்று, ருதைனாவைக் கட்டிப் பிடித்துக்கொண்டு, ஊருக்கே கேட்கக் குலவையிட்டுக்கொண்டிருந்தாள்.