சாவிக்காரரின் வருமானம்

சாவிக்காரர் இருந்தவரைக்கும் அவர் மனைவி அவரைப் பற்றி ஒரு நல்ல வார்த்தை சொன்னதாகத் தெருவில் யாருக்கும் நினைவில்லை. "ஊர்ல இருக்கற எல்லாப் பூட்டையும் திறக்கத் தெரியும். வாயைத் திறந்து காசு கேக்க மட்டும் தெரியாது" என்பாள். அவர் சிரித்தபடியே சைக்கிளை எடுத்துக்கொண்டு, பஸ் நிலையத்துக்கு எதிரே இருந்த தன் பெட்டிக்கடைக்குப் போய்விடுவார்.

ஒருநாள் மத்தியானம் சாப்பாட்டுக்கு வீடு திரும்பும்போது, தப்பான பக்கத்தில் வந்த சரக்கு வேன் ஒன்று அவரை இடித்துத் தள்ளியது. ஆஸ்பத்திரிக்குப் போய்ச் சேரும் முன்பே உயிர் போய்விட்டது. இரண்டு மாதம் அவள் யாரோடும் பேசவில்லை. திட்டுவதற்கு ஆளில்லாத வீட்டில் பேச்சு எதற்கு?

மூன்றாம் மாதம் மகள்தான் அவளை வக்கீலிடம் இழுத்துக்கொண்டு போனாள். மகள் நர்சிங் முதலாம் ஆண்டு. காரியக்காரி.

"வேன்காரன் மேலதான் தப்புன்னு இன்சூரன்ஸ் கம்பெனியே ஒத்துக்கிட்டாங்கம்மா. எவ்வளவுங்கறதுலதான் இழுபறி" என்றார் வக்கீல். "உங்க வீட்டுக்காரர் மாசம் என்ன சம்பாதிச்சார்னு காட்டணும். அதை வச்சுத்தான் நஷ்டஈடு. ரசீது ஏதாவது இருக்கா?"

"சாவிக்கு யாரு சார் ரசீது கேப்பாங்க?"

"அப்போ சாட்சிதான். அவர்கிட்ட வேலை குடுத்தவங்க நாலு பேரைக் கூட்டிட்டு வாங்க. இன்னொண்ணு, கோர்ட்ல அவரைக் கையாலாகாதவர்னு சொல்லிடாதீங்க."

"நான் எப்ப சார் அப்படிச் சொன்னேன்?"

"உள்ள வந்ததுலேர்ந்து ரெண்டு தடவை."

சாட்சிக்குப் பஞ்சமே இல்லை. கூப்பிடாமலே வந்தார்கள், சலவைச் சட்டை போட்டுக்கொண்டு வந்தார்கள். முதலில் கூண்டில் ஏறியவர் பக்கத்துத் தெரு டீச்சர்.

"தங்கமான மனுஷன். கொட்டற மழையில சாவியைத் தொலைச்சிட்டு வாசல்ல நின்னேன். ஓடி வந்து திறந்து குடுத்தார். ஒரு பைசா வாங்கல!"

இன்சூரன்ஸ் தரப்பு வக்கீல் பணிவான இளைஞர். 'ஒரு பைசா வாங்கல' என்பதை அழகாகக் குறித்துக்கொண்டார்.

அடுத்தவர் மருந்துக்கடைக்காரர். "என் கடை ஷட்டர் பூட்டை மூணு தடவை சரி பண்ணினார். காசை நீட்டினா, 'அப்புறம் பாத்துக்கலாம்'னு போயிடுவார்."

மூன்றாவதாக வந்த ஓய்வுபெற்ற பஸ் டிரைவர் கையெடுத்தே கும்பிட்டுவிட்டார். "எங்க தெருவுல ஒரு வீட்லயும் அவர் காசு வாங்கினதில்லீங்க. தெய்வம்!"

ஒவ்வொரு பாராட்டுக்கும் நஷ்டஈடு ஒவ்வொரு படியாக இறங்கிக்கொண்டிருந்தது. அவளுடைய வக்கீலின் தலையும் கூடவே இறங்கியது. அவளுக்கோ பெருமையில் அழவும் தோன்றியது, அந்த மனுஷன் எங்கே இருந்தாலும் சட்டையைப் பிடித்து உலுக்கவும் தோன்றியது.

அவள் முறை வந்தது.

"இவ்வளவு நல்லவருக்கு வருமானம்னு பெரிசா ஒண்ணும் இருந்திருக்காதேம்மா?" என்றார் இளைஞர். "நீங்களே அவரைக் கையாலாகாதவர்னு சொல்வீங்களாமே?"

"சொல்வேன். கட்டிக்கிட்டவ சொல்லலாம். உங்களுக்கு அவர் என்ன உறவு?"

நீதிபதி அவசரமாகக் குனிந்து கோப்பைப் புரட்டினார்.

"வீட்டு வாடகை ஒரு மாசம் நின்னதில்ல. பொண்ணை நர்சிங் சேர்த்தோம். மாசம் முதல் வாரம் ஒரு கவர் குடுப்பார். 'ஏதோ வந்துச்சு, வச்சுக்க'ம்பார்."

"எங்கேருந்து வந்துச்சு?"

அவளுக்குத் தெரியவில்லை. இத்தனை வருஷத்தில் பணம் ஏன் பற்றவில்லை என்று கேட்டிருக்கிறாளே தவிர, எங்கிருந்து வருகிறது என்று ஒருதரம்கூடக் கேட்டதில்லை. வழக்கை இரண்டு வாரம் தள்ளிவைத்தார்கள்.

வீட்டுக்கு வந்ததும் மகள், "அந்தக் கவரெல்லாம் எங்கம்மா?" என்றாள். எங்கே போகும்? கரண்ட் பில்லும் பால்கணக்கும் போட்டுவைக்க அவள்தான் ஒன்றையும் தூக்கி எறியாமல் வைத்திருந்தாளே! சமையலறை இழுப்பறையிலிருந்து கட்டாக எடுத்தாள். எல்லாக் கவரின் மூலையிலும் ரயில் நிலையத்துக்குப் பக்கத்து லாட்ஜின் பெயர் அச்சாகியிருந்தது. மகள் செருப்பை மாட்டிக்கொண்டு அப்போதே கிளம்பிவிட்டாள்.

அடுத்த வாய்தாவில் லாட்ஜ் மேனேஜர் கூண்டேற வரும்போதே சிடுசிடுப்பாக வந்தார். அவளுடைய வக்கீல் பயந்துகொண்டேதான் கேட்டார்.

"இறந்தவர் நல்ல மனுஷன்னு எல்லாரும்..."

"நல்லவரா? யாரு சொன்னது? கொள்ளைக்காரர் சார் அவர்!"

கோர்ட் நிமிர்ந்து உட்கார்ந்தது.

"எண்பது ரூம் சார். வர்றவன்லாம் சாவியைப் பையில போட்டுக்கிட்டே ஊருக்குப் போயிடறான். வாரத்துக்குப் பத்துப் பூட்டாவது மாத்தணும். சொன்ன காசுல ஒரு பைசா குறைக்க மாட்டார். 'நீங்க ரூம் வாடகையில குறைப்பீங்களா?'ன்னு கேப்பார். பதினோரு வருஷம் பேரம் பேசிப் பாத்தேன். ஒரு தடவை, ஒரே ஒரு தடவை ஜெயிச்சிருப்பேனா?"

"இன்னும் சொல்லுங்க சார்" என்றார் வக்கீல், கண்ணில் நீர் தளும்ப. "நல்லா மனசு விட்டுத் திட்டுங்க."

மேனேஜர் இருபது நிமிஷம் திட்டினார். திட்டி முடித்ததும் பதினோரு வருஷத்து வவுச்சர் கட்டுகளை மேஜைமேல் தொப்பென்று போட்டார். ஒவ்வொன்றிலும் சாவிக்காரரின் கோணல் கையெழுத்து. "என்னிக்காவது ஏமாத்தினா பிடிக்கலாம்னுதான் பத்திரமா வச்சிருந்தேன். பிடிக்கவே முடியல" என்றவர், திடீரென்று கைக்குட்டையைத் தேடினார். "இப்ப வர்றவன் பாதிக் காசுதான் வாங்கறான். ஒரு சாவியும் திரும்ப மாட்டேங்குது."

இளைஞர் பேனாவை மூடி வைத்தார்.

அவள் பெஞ்சிலிருந்து அந்த வவுச்சர் கட்டுகளையே பார்த்தாள். யாரிடம் கறாராகக் கேட்பது, யாரிடம் கேட்காமல் விடுவது என்று அந்த மனுஷனுக்கு நன்றாகவே தெரிந்திருக்கிறது. அவளிடம் மட்டும் மூச்சு விடவில்லை. விட்டிருந்தால், தெருவில் இலவசமாகச் செய்ததற்கெல்லாம் அவள் கணக்குக் கேட்டிருப்பாள். அதுவும் அவருக்குத் தெரிந்திருக்கிறது.

அடுத்த மாதம் தீர்ப்பு வந்தது. வக்கீல் கேட்டதைவிடக் குறைவு, கம்பெனி தருவதாகச் சொன்னதைப் போல மூன்று மடங்கு. மகள் படித்து முடிக்கலாம், வாடகைக்கும் கவலையில்லை.

தீர்ப்பைக் கேட்டுவிட்டுத் திரும்பும் பஸ்ஸில் மகள், "அன்னிக்கு எனக்குப் பரீட்சை, வர முடியல. நீயும் இன்னும் சொல்லல. அந்த மேனேஜர் அப்படி என்னதான் சொன்னார்?" என்று கேட்டாள்.

அவள் முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு, தொண்டையைக் கனைத்து, மேனேஜராகவே மாறிவிட்டாள். "கொள்ளைக்காரர் சார் அவர்! ஒரு பைசா குறைக்க மாட்டார்!" முன்சீட்டுக்காரர்கள் திரும்பிப் பார்த்தார்கள். அப்பா போன பிறகு மகள் வாய்விட்டுச் சிரித்தது அன்றைக்குத்தான்.

கண்டக்டர் டிக்கெட்டைக் கிழித்தபடியே, "யாரும்மா அந்தக் கொள்ளைக்காரன்?" என்றார்.

"மரியாதையாப் பேசுங்க" என்றாள் அவள். "என் வீட்டுக்காரர்."