சுவரை இடிக்க உத்தரவு

"அம்மா, ஜட்ஜ் சொன்னாக்கூட நீ கேக்க மாட்டியா?" என்று மகள் ஒருநாள் ஷூ நாடாவைக் கட்டியபடி கேட்டாள். நகராட்சிப் பொறியாளரான அம்மா மேல் நீதிமன்ற அவமதிப்பு வழக்கு என்ற செய்தி பள்ளிக்கூடம்வரை போயிருந்தது. பொறியாளர் பையை எடுத்துக்கொண்டு அலுவலகம் கிளம்பினாள்.

ஒரு தையல்காரரின் வாசலை மறித்து நகராட்சி கட்டிய சுவரை இடிக்கும்படி உத்தரவு வந்து மாதங்கள் ஓடிவிட்டன. நடக்க முடியாத மனைவியைப் பக்கத்து வீட்டுச் சமையலறை வழியாகத் தூக்கிக்கொண்டுதான் அவர் தெருவுக்கு வந்தார். அலுவலகத்தில் யாருக்கும் அவர்மேல் பகையில்லை. நீதிமன்றக் கோப்புகளுக்குத் தனி பீரோ, சாவி சட்டப்பிரிவிடம். வேலை முடிந்த அறிக்கை போனால்தான் கோப்பு வெளியே வரும். கோப்பு வந்தால்தான் வேலை தொடங்கும். இதில் என்ன கோளாறு என்று யாரும் யோசிக்கவில்லை, அவள் உட்பட.

மறுநாள் நீதிமன்றத்தில் அவள் நேரில் நிற்க வேண்டும். நகராட்சி வக்கீல் காகிதத்தோடு வந்தார்.

"ஃபைல் காணாமப் போச்சுன்னு எழுதியிருக்கேன் மேடம். ஒரு கையெழுத்துப் போடுங்க. இல்லேன்னா ஜெயில்வரைக்கும் போகலாம்."

"காணாமப் போகலையே சார். பீரோவுல சுகமா தூங்குது."

'பார்க்கலாம்' என்று பட்டப்பெயர் வாங்கிய தலைமை எழுத்தர் தலையைச் சொறிந்தார். "சாவி கேட்டா சட்டப்பிரிவு சண்டைக்கு வரும் மேடம். நாளைக்குப் பார்க்கலாமே."

"நாளைக்கு நான் கோர்ட்ல நிப்பேன். வேணும்னா வந்து பாருங்க. உத்தரவு என்னன்னு தெரியும், சுவர் எங்கேன்னும் தெரியும். ஃபைல் எதுக்கு? ஆளுங்களைக் கூப்பிடுங்க."

மாலைக்குள் சுவர் விழுந்தது. கடைசிக் கல்லை அள்ளும்வரை அவள் புழுதியிலேயே நின்றாள்.

"ஏன் இவ்வளவு தாமதம்?" என்று மறுநாள் நீதிபதி கேட்டார்.

"எங்க ஆபீஸ் வழக்கம் தப்பு ஐயா. அதை மாத்தாம விட்டது என் தப்பு. மன்னிப்புக் கேட்டுக்கறேன். நேத்து இடிச்சுட்டோம்."

நீதிபதி தையல்காரரைப் பார்த்தார். அவர் ஒரு வார்த்தை சொன்னால் போதும், தண்டனை உறுதி.

"வழி கேட்டேனுங்க, கிடைச்சிடுச்சு. இந்த அம்மா ஒண்ணையும் மறைக்கல. விட்டுடுங்க ஐயா."

எச்சரிக்கையோடு வழக்கு முடிந்தது. நீதி உத்தரவாக வந்தது, இரக்கம் ஒரு தையல்காரர் வாயில் வந்தது. இரண்டையும் அனுப்பியவன் ஒருவனே என்று அவள் நம்பினாள். பீரோச் சாவி அன்றே அவள் மேசைக்கு வந்துவிட்டது.

சில நாள் கழித்து அந்தப் பக்கம் போனவள், தையல்காரர் மனைவியின் சக்கர நாற்காலி வாசலில் தட்டி நிற்பதைக் கண்டாள். உத்தரவில் சுவர் என்றுதான் இருந்தது. தரைக்கு மேல் நீட்டிக்கொண்டிருந்த அஸ்திவாரத்தின் விளிம்பை ஆட்கள் அப்படியே விட்டுவிட்டார்கள்; அன்று அவளும் அதைக் கவனிக்கவில்லை. தையல்காரர் முணுமுணுக்காமல் நாற்காலியைப் பின்னால் சாய்த்துத் தூக்கி இறக்கினார்.

அவர்கள் உறவினர் வீட்டுக்குப் போயிருந்த ஒரு விடுமுறை நாளில், பொறியாளர் வாளியில் சிமெண்ட் கலவையும் கையில் கொத்தனார் கரண்டியுமாக வந்தாள். விளிம்பின் இருபுறமும் சரிவாகப் பூசி, உள்ளங்கையால் தடவிப் பார்த்து, மேடு தட்டிய இடத்தை மறுபடி தேய்த்தாள். நாய் மிதித்துவிடாமல் பூச்சு இறுகும்வரை நிழலில் காத்திருந்தாள். பிறகு குழாயில் கை கழுவிவிட்டு, வாளியோடு தெருமுனை திரும்பினாள்.