பனம்பாத்தி மலைகள்

பள்ளிக்கூடக் கண்காட்சிக்கென்று இரஞ்சிதம் ரீச்சர் பழைய கதவுப் பலகையில் உலகப்படத்தைக் கீறி, ஊறவைத்து இடித்த பேப்பர்க் கூழால் மலைகளைக் கட்டிக்கொண்டிருந்தாள். வடக்குக் கடலில் ஒரு சின்னத் தீவிலுள்ள கரம்பொனில் பல வருஷமாகப் பூமிசாத்திரம் படிப்பிக்கிறவள். எந்த மலைத்தொடர் எந்தக் கண்டத்தில், எந்தக் கரையோரமாக ஓடுகிறது என்று நித்திரையில் எழுப்பிக் கேட்டாலும் சொல்லுவாள். ஆனால் ஒரு மலையைக்கூடக் கண்ணால் கண்டதில்லை. அந்தத் தட்டைத் தீவில் மேடு என்று சொல்ல இருப்பதெல்லாம், கிழங்குக்காகப் பனங்கொட்டை புதைத்து மண் குவிக்கிற பாத்திதான்.

அவளுடைய புருஷன் மார்க்கண்டு மலைநாட்டில், பதுளையில் கடை வைத்திருந்தவர். "வாற வருஷம் கூட்டிக்கொண்டு போறன்" என்று கலியாணம் செய்த நாளிலிருந்து சொல்லிக்கொண்டிருந்தார். கடை அங்கே, பெண்சாதி இங்கே என்பதுதானே தீவார் வழக்கம். எண்பத்துமூன்று ஆடிக் கலவரத்தில் தமிழன் கடையென்று அதை எரித்துவிட்டார்கள். அகதிக் கப்பலில் வந்து இறங்கிய மனுஷன் ஐப்பசி பிறந்தும் வாய் திறக்கவில்லை. எதைக் கேட்டாலும் "ஓம்" அல்லது "வேண்டாம்", அவ்வளவுதான். கடை போனால் போகட்டும், இந்த மனுஷனை எனக்குத் திருப்பித் தா என்று பிள்ளையாரிடம் ஒவ்வொரு நாளும் கேட்டாள்.

இமயமலையைக் கட்டி முடித்து, அதன் பக்கங்களை அகப்பையால் தட்டிச் சீராக்கும்போது, கதிரையில் இருந்தவர் எழும்பி வந்து பார்த்தார்.

"என்ன இது?"

அவள் அகப்பையோடு நிமிர்ந்தாள். "இமயமலை."

"பனம்பாத்தியெல்லோ கட்டி வைச்சிருக்கிறீர்."

உண்மைதான். உலகத்து மலைகள் அத்தனையும் நேர் விளிம்பும் தட்டை முதுகுமாக, தண்ணீர் ஊற்றினால் முளைத்துவிடும் போலக் கிடந்தன. அவளுக்குச் சிரிப்பு வந்தது. கூடவே அழுகையும் வந்தது.

"இடம் எனக்குத் தெரியும். உருவம் எப்பிடித் தெரியும்? நீங்கள் கூட்டிக்கொண்டு போகேல்லையே."

அவர் சப்பாணி கட்டி இருந்து இமயத்தைக் கிள்ளிக் கிள்ளி உயர்த்தினார், விரலால் பள்ளத்தாக்கு இழுத்தார். பிறகு "அடுத்தது எங்கை?" என்றார். தென்னமெரிக்காவின் மேற்குக் கரை நெடுக அந்தீசைக் காட்டினாள். அதன்பின் வடக்கே றொக்கி, ஐரோப்பாவின் நடுவில் அல்ப்ஸ், ஆபிரிக்காவின் தலைமாட்டில் அத்லஸ். அவள் இடம் காட்டக் காட்ட அவருடைய கை மலை செய்தது.

கடைசியில் இலங்கை, புளியங்கொட்டை அளவில். அவருடைய கை நின்றுவிட்டது. அவள் கூழ்ச் சட்டியை அவர் பக்கம் தள்ளிவைத்தாள். பிறகு அவராகவே ஒரு பருக்கைக் கூழை நடுவில் வைத்துக் கிள்ளினார்.

"பஞ்சு கிடக்கோ?"

"என்னத்துக்கு?"

"விடிய எட்டு மணி மட்டும் பனிப்புகார் மூடிக் கிடக்கும். கடை திறக்கேக்கை முன்பக்கம் ஒண்டும் தெரியாது."

சாமியறைக்கு ஓடி, விளக்குத் திரிக்கு வைத்திருந்த பஞ்சை எடுத்துவந்தாள். அவர் ஒரு நூலளவு பிய்த்து அந்த மலையின்மேல் வைத்தார். இரஞ்சிதம் தோள் முட்டப் பக்கத்தில் இருந்தாள்.

"கடை எதிலை?"

"இதுக்குக் கீழை" என்று மார்க்கண்டு சுண்டுவிரல் நுனியால் பஞ்சை மெல்லத் தூக்கிக் காட்டினார்.