தடியனின் கடைசிக் குழாய்

"அக்கா, புது சாம்பிள் சொதப்பிடுச்சு. பத்து காட்டவேண்டிய இடத்துல இருபத்தாறு காட்டுது!"

'கண்ணாடி' என்று எல்லோரும் கூப்பிடும், கூட வேலை பார்க்கும் பையன் உதட்டைப் பிதுக்கினான். பரிசோதனைக்கூடத்தின் மூத்தவளான அவள் அந்த எண்ணை எட்டிப் பார்த்தாள்.

நாய்களின் ரத்தத்தில் ஒரு புரதத்தை அளப்பது அவர்கள் வேலை. உடம்புக்குள் எங்காவது சீழோ வீக்கமோ இருந்தால் அது மளமளவென்று ஏறும். தொண்ணூற்றாறு குழி கொண்ட பிளேட்டில் சாம்பிளை விட்டு மருந்துகளைச் சேர்த்தால் மஞ்சள் நிறம் வரும். நிறம் அடர்ந்தால் புரதம் அதிகம். கூடவே, அளவு தெரிந்த ஓர் ஆரோக்கியமான நாயின் சாம்பிளும் ஓடவேண்டும். அது சரியாகக் காட்டினால்தான் மற்றதை நம்பலாம்.

பல வருஷமாக அந்த ஆரோக்கியசாலி, அவள் வீட்டு நாய் தடியன்தான். பிஸ்கட்டைக் காட்டினால் போதும், முன்னங்காலை நீட்டிக்கொண்டு ராஜா மாதிரி உட்காருவான். அவள் ஊசி குத்த, மகள் ஊட்டுவாள். அந்த ரத்தத்தைச் சொட்டுச் சொட்டாகப் பிரித்து, குட்டிக் குழாய்களில் உறைய வைத்திருந்தார்கள்.

தடியன் போய் நாலு வருஷம். குழாய்கள் மட்டும் ஒவ்வொன்றாகக் குறைந்துகொண்டே வந்தன. பிளேட் ஓடும் நாளெல்லாம், வேலைக்காக வெளியூர் போய்விட்ட மகள் ஃபோனில் கேட்பாள்: "தடியன் எவ்வளவும்மா?"

"எட்டு." சில நாள் ஏழரை.

"ஐயோ, இளைச்சுட்டானா?"

போன மாதம், ஒரே ஒரு குழாய்தான் மிச்சம் என்றதும் மகள் அழாத குறை. "கடைசிக் குழாயை மட்டும் எடுத்துடாதேம்மா. அதுலயாவது இருக்கட்டும்."

வாக்குக் கொடுத்துவிட்டு, இவள் விலைக்கு வாங்கிய சாம்பிளுக்கு மாறினாள். அதுதான் இப்போது காலை வாரிவிட்டது.

ஃபோன் அடித்தது. கால்நடை மருத்துவர்.

"என்னம்மா ஆச்சு? வயித்துல ஆபரேஷன் பண்ண நாய், நேத்து தொண்ணூறு. இன்னிக்கும் ஏறியிருந்தா சாயங்காலமே மறுபடி திறக்கணும். தாங்குமான்னு தெரியலை."

"மூணு மணி நேரம் கொடுங்க சார்."

ஃப்ரீசரைத் திறந்தாள். குழாயின் மேல் மகள் பள்ளிக்கூட நாளில் கிறுக்கிய கோணல் எழுத்து: தடியன்.

"அக்கா, யோசிச்சுக்கோங்க..."

"சும்மா இரு. ஒரே இடத்துல அடைஞ்சு கிடக்கிறது அவனுக்கு எப்பவுமே பிடிக்காது."

கையுறைக்குள் இருந்த உள்ளங்கைச் சூட்டிலேயே அது உருகிவிட்டது.

மூன்று மணி நேரம் கழித்து மெஷின் எண்களைத் துப்பியது. தடியன், எட்டு. அந்த நாய், முப்பத்தெட்டு.

"இறங்குது சார்!"

"அப்பாடா! அப்போ கத்தி வேண்டாம்," என்றார் மருத்துவர்.

அவளாகவே மகளுக்கு அனுப்பினாள்: "தடியன் எட்டு. வாக்கை மீறிட்டேன்டி. ஒரு உயிர் காத்துக்கிட்டிருந்துச்சு."

பதில் வந்தது: "பிஸ்கட் கொடுத்தியாம்மா?"

கண்ணைத் துடைத்துக்கொண்டு மருத்துவரை மறுபடி கூப்பிட்டாள்.

"சார், அந்த நாய் சாப்பிட ஆரம்பிச்சதும் என் பேரைச் சொல்லி ஒரு பிஸ்கட் கொடுங்க. இல்ல, ரெண்டு. ஒண்ணு தடியனோடது."