ஐந்து பிட்டா

ஜலஜா நீட்டிய தட்டிலிருந்து ஒரு பிடி வாய்க்கரிசியை எடுத்துக்கொண்ட அப்பா ராஜாராமன், போடாமல் நின்றுகொண்டே இருந்தார். கூடத்தில் அம்மாவைக் கிடத்தியிருந்தது. நாலு நாள் காய்ச்சல், விடியற்காலையில் போய்விட்டாள். வாசலில் பாடை கட்டி முடித்தாயிற்று.

“நாழியாறது,” என்றார் சாஸ்திரிகள்.

ஜலஜாவுக்குக் கண் எரிந்தது. நாலு நாளாகத் தூக்கமில்லை. அதைவிடப் பெரிய அசதி, ஆறு வருஷத்து அசதி. நம்மூர்ப் பக்கம், பட்டணத்துக்குக் கிடைத்த மாற்றலை, அம்மாவை ஒரு வார்த்தை கேட்காமல் வேண்டாமென்று எழுதிக் கொடுத்துவிட்டார் அப்பா. அங்கே அம்மாவைப் பெற்றவள் மகளைப் பார்க்காமலே கண்ணை மூடினாள். அன்றோடு அம்மாவுக்கும் அப்பாவுக்கும் பேச்சு நின்றது. பிறகு வங்காளத்து இந்தப் பாலிகஞ்ச் வீட்டில், ரசத்தில் உப்பில்லை என்பதைக்கூட ஜலஜாதான் இரண்டடி சுமந்துபோய்ச் சொல்ல வேண்டும். அம்மாவைத் தூக்குவதற்குள் அப்பா நேராக ஒரு வார்த்தை பேசிவிட்டால் போதும் அவளுக்கு.

போன மாசம் மூவரும் மைதானத்துக் கூடாரத்தில் பயாஸ்கோப், பேசாத படம், பார்த்தார்கள். நம்மூர்த் தோசைக் கதைதான். வங்காளிகள் தோசையைத் தங்கள் பலகாரமான பிட்டாவாக்கி எடுத்திருந்தார்கள். ஐந்து பிட்டாவுக்காகப் புருஷனுக்கும் பெண்டாட்டிக்கும் சண்டை. முதலில் பேசுகிறவருக்கு இரண்டு, மற்றவருக்கு மூன்று என்று பந்தயம். இருவரும் வாயே திறக்காமல் கிடக்க, செத்துப்போனார்கள் என்று ஊரார் சுடுகாட்டுக்குத் தூக்கிப் போகிறார்கள். நெருப்பு வைக்கிற சமயத்தில் புருஷன் அலறிக்கொண்டு எழுந்தான். அவன் சொன்னது திரையில் இங்கிலீஷ் எழுத்தில் வந்தது. அம்மாவுக்கு அது தெரியாது.

“எனக்கு ரெண்டு போறும்கறான். அம்மாகிட்ட சொல்லு,” என்றார் அப்பா.

ஜலஜா சொன்னாள்.

“அவ ஜெயிச்சுட்டா,” என்று இருட்டில் அம்மா சிரித்தாள். அந்தச் சிரிப்பைக் கேட்டு எத்தனையோ நாளாகியிருந்தது.

“அம்மாகிட்ட சொல்லு…” என்று இப்போதும் ஆரம்பித்தார் அப்பா. பழக்கம் எங்கே விடும்?

“நீங்களே சொல்லுங்கோப்பா. என்னால இனிமே முடியல.”

அப்பா அவளைப் பார்த்தார். பிறகு முழங்காலைப் பிடித்துக்கொண்டு மெல்லக் கீழே உட்கார்ந்தார்.

“ஏண்டி,” என்றார். “எனக்கு ரெண்டு போறும்டி.”

சாஸ்திரிகளுக்கு ஒன்றும் புரியவில்லை. மறுபடி ஏதோ சொல்ல வந்தவரை, ஜலஜா கையைக் காட்டி நிறுத்தினாள்.

அப்பா அரிசியை இடது கைக்கு மாற்றிக்கொண்டார். அம்மாவின் தாடையைச் சேர்த்துக் கட்டியிருந்த வெள்ளைத் துணியின் முடிச்சைத் தளர்த்திவிட்டு, காதை அவள் வாய்க்குக் கிட்டே கொண்டுபோனார்.