காலமான டிரம்மருக்கு ஒரு பாட்டு

ரஸ்ஸல் டக்வெல் அந்த ஞாயிற்றுக்கிழமை நவ்ராவுக்குப் போனது துணி துவைக்கும் மெஷின் ஒன்றை ஏற்றி வர. அவன் மனைவி ஜனீன் பத்திரிகை விளம்பரத்தில் தேடிப் பிடித்த பழைய மெஷின். விற்கிற ஆள் மூன்று மணிக்கு மேல்தான் வீட்டில் இருப்பாராம். ரஸ்ஸல் ஒன்றரைக்கே போய்ச் சேர்ந்துவிட்டான். எதையாவது தின்றுவைக்கலாம் என்று பாலத்தை ஒட்டியிருந்த பப்பின் பக்கம் வண்டியை ஓரங்கட்டினான்.

கண்ணாடி ஜன்னலில் சுவரொட்டி ஒட்டியிருந்தது. கறுப்புத் தாளில் ஆரஞ்சு எழுத்து. 'டேப் ஹோல். இன்று மதியம் 2 மணி.'

அது அவனுடைய மியூசிக் பேண்ட்.

உருக்காலை உலையின் அடியில், காய்ச்சிய இரும்பு பாய்ந்து வெளியேறுகிற துளைக்குத்தான் டேப் ஹோல் என்று பெயர். பத்து வருடத்துக்கு முன்னால், 1974இல், போர்ட் கெம்ப்லாவில் அந்தத் துளைக்கு முன்னால் வேர்த்துக்கொண்டு நின்ற இரண்டு பேர் ஆரம்பித்த பேண்ட் அது. ஒருவன் ரஸ்ஸல், டிரம்ஸ். இன்னொருவன் ஜனீனின் அண்ணன் நெவில் பிரைஸ், கிட்டார். இருவரைத் தவிர மற்றவர்கள் வந்தார்கள், போனார்கள். பாடகர்கள் மட்டும் மூன்று பேர். முதலாமவன் கல்யாணம் செய்துகொண்டு பெர்த்துக்குப் போய்விட்டான். இரண்டாமவன் டாம்வொர்த்தில் மேடையிலேயே போதையில் தூங்கிவிட்டதால் அங்கேயே விட்டுவிட்டு வந்தார்கள். பேஸ் கிட்டார் வாசித்தவர்கள் நான்கு பேரா ஐந்து பேரா என்று கேட்டால் ரஸ்ஸல் விரல் விட்டுத்தான் எண்ண வேண்டும். ஒருவன் போனால் மறு வாரம் இன்னொருவன் வந்து நிற்பான். அதற்காக ரஸ்ஸல் ஒரு நாளும் வருத்தப்பட்டதில்லை.

ஜனவரியில் லாரியிலிருந்து ஸ்பீக்கர் பெட்டியை இறக்கும்போது அது சரிந்து அவன் வலது மணிக்கட்டில் விழுந்தது. எலும்பு மூன்று இடத்தில் உடைந்தது. உள்ளே எஃகு ஆணிகள் வைத்தார்கள், எடுத்தார்கள், மறுபடி வைத்தார்கள். இப்போது அக்டோபர். இத்தனை மாதமும் நெவில் வியாழக்கிழமை தவறாமல் வீட்டுக்கு வந்துகொண்டிருந்தான். மூன்று நாளைக்கு முன்பு கூட அடுப்படி மேஜையில் உட்கார்ந்து தேநீர் குடித்துக்கொண்டே சொன்னான்: "நீ இல்லாம நாங்க ஒரு மேடையும் ஏற மாட்டோம் மாப்ள. புதுப் பாட்டு எழுதிக்கிட்டிருக்கோம், அவ்வளவுதான். நீ கையப் பாரு."

ரஸ்ஸல் சுவரொட்டியை இரண்டு முறை படித்தான். பழைய சுவரொட்டியோ என்று தேதியைப் பார்த்தான். இன்றைய தேதிதான்.

நெவில் என்னிடம் பொய் சொல்லிவிட்டு வேறொருவனை வைத்து வாசிக்கிறான். பசி போன இடம் தெரியவில்லை. நெவில் மேடையிலிருந்து இறங்கும்போது நேருக்கு நேர் போய் நிற்க வேண்டும், அவன் முகம் போகிற போக்கைப் பார்க்க வேண்டும் என்று ஒரு கிளாஸ் பீர் வாங்கிக்கொண்டு தூணுக்குப் பின்னால் நின்றான். மதிய வெயிலிலிருந்து வந்தவர்களால் கூடம் நிரம்பியது. பொரித்த உருளைக்கிழங்கு வாசனை. இரண்டு மணிக்கு விளக்கு அணைந்தது.

முதலில் டிரம்ஸ். 'ராத்திரி ஷிஃப்ட்' பாட்டின் தொடக்கம். ரஸ்ஸலே போட்ட தாளம். இரண்டு இடி, ஒரு நிறுத்தம், மூன்று இடி. அந்த நிறுத்தத்தின் நீளம்கூட அப்படியே இருந்தது. பிறகு கிட்டார் வந்து விழுந்தது, மேடை வெளிச்சமானது.

ரஸ்ஸல் நெவிலைத் தேடினான். கிட்டார் வாசித்தது சிவப்புத் தலைமுடிக்காரன் ஒருவன். பேஸில் ஒரு குள்ளன். பாடகனும் புதிது. டிரம்ஸில் முப்பது வயதிருக்கும் ஒரு பெண், முடியை உச்சியில் முடிந்திருந்தாள். நான்கு பேரில் ஒருவரையும் அவன் வாழ்நாளில் பார்த்ததில்லை. அவர்களுக்குப் பின்னால் தொங்கிய துணியில் மட்டும் டேப் ஹோல் என்று எழுதியிருந்தது. அந்த எழுத்தை வரைந்தவள் ஜனீன்.

பப் மாறி வந்துவிட்டோமோ என்று ஒரு கணம் நினைத்தான். கூட்டம் பாட்டைக் கூடவே பாடியது. ஒருவருக்கும் எதுவும் வித்தியாசமாகத் தெரியவில்லை.

நாலாவது பாட்டுக்கு முன்னால் பாடகன் மைக்கைப் பிடித்தான்.

"அடுத்த பாட்டு எங்க பழைய டிரம்மருக்கு. ரஸ் டக்வெல். இந்த பேண்டை ஆரம்பிச்ச மனுஷன். இந்த வருஷத் தொடக்கத்துல நம்ம எல்லாரையும் விட்டுட்டுப் போயிட்டாரு. எங்க இருந்தாலும் கேட்டுக்கிட்டிருப்பாரு. கிளாஸத் தூக்குங்க மக்களே!"

இருநூறு கிளாஸ்கள் மேலே போயின. யாரோ சீழ்க்கை அடித்தார்கள். ரஸ்ஸலுக்குப் பக்கத்தில் வெயிலில் கழுத்து வெந்து சிவந்த ஓர் ஆள் தொப்பியைக் கழற்றி நெஞ்சில் வைத்துக்கொண்டான்.

"பாவம்யா," என்றான் ரஸ்ஸலிடம். "எழுபத்தொன்பதுல டாப்டோவுல பாத்தேன். மிருகம் மாதிரி அடிப்பான்."

ரஸ்ஸலுக்குத் தன் குரல் எங்கிருந்தோ கேட்டது. "எப்படிச் செத்தான்?"

"லாரியிலிருந்து பெட்டி விழுந்து நசுங்கிட்டானாம். சின்ன வயசு. நீ கிளாஸத் தூக்கலியா?"

என்ன செய்வதென்று தெரியாமல் ரஸ்ஸல் தன் கிளாஸைத் தூக்கினான். தன் சாவுக்குத் தானே குடித்தான்.

இடைவேளையில் பின்கட்டுக்குப் போனான். நால்வரும் காலிப் பீப்பாய்கள் மேல் உட்கார்ந்து புகைத்துக்கொண்டிருந்தார்கள். டிரம்ஸ் வாசித்த பெண்தான் முதலில் நிமிர்ந்தாள். அவள் கையிலிருந்த சிகரெட் கீழே விழுந்தது.

"ஐயோ," என்றாள். "ஆல்பம் அட்டையில இருக்கிற மூஞ்சி."

"நான்தான்," என்றான் ரஸ்ஸல்.

பாடகன் எழுந்து நின்றான். எழுந்தவனுக்கு என்ன செய்வதென்று தெரியவில்லை, மறுபடி உட்கார்ந்தான். "நீங்க செத்துட்டீங்கன்னு சொன்னாங்களே!"

"யாரு சொன்னது?"

"கிளைவ்."

கிளைவ் ரண்டில் என்பவன் டேப் ஹோலின் மேனேஜர். அவனே அந்த நேரத்தில் கையில் இறைச்சி அடைத்த பஃப்ஸும் தாடையில் சாஸுமாகக் கதவைத் திறந்துகொண்டு வந்தான். ரஸ்ஸலைப் பார்த்ததும் ஒரு கணம்தான் தயங்கினான்.

"அட, ரஸ்! கை நல்லாத் தேறிடுச்சு போலிருக்கே."

"நான் செத்துட்டேன்னு சொன்னியாமே."

"அப்படிச் சொல்லலப்பா. போயிட்டான்னு சொன்னேன். இவங்களாப் புரிஞ்சிக்கிட்டதுக்கு நான் என்ன பண்றது?"

"பொய்!" என்றாள் அந்தப் பெண். அவள் பெயர் மார்டி. "பெட்டி விழுந்துதுன்னு நீங்கதான சொன்னீங்க?"

"பெட்டி விழுந்தது நெசம்தானே? வேணும்னா அவனையே கேளு." கிளைவ் பஃப்ஸை ஒரு கடி கடித்தான். "அந்தப் பாட்டுக்குத்தான் ஜனங்க உருகுறாங்க. உன் பேரக் காப்பாத்தித்தானே வச்சிருக்கேன்? கோவப்படாத. பேண்டு பேரு என்கிட்ட இருக்கு. எழுபத்தாறுல நீயும் நெவிலும் கையெழுத்துப் போட்டுக் குடுத்தீங்க. மறந்துட்டியா?"

ரஸ்ஸலுக்கு அந்தக் கையெழுத்து நினைவுக்கு வந்தது. ஏதோ பப்பில், நனைந்த மேஜையில், சிரித்துக்கொண்டே போட்டது.

"நெவில் எங்க?" என்று மட்டும் கேட்டான்.

நால்வரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். மார்டிதான் மெதுவாகச் சொன்னாள். "அவரு நாங்க வர்றதுக்கு முன்னாடியே போயிட்டாருங்க. பிப்ரவரியில. நாங்க அவரப் பாத்ததே இல்ல."

பிப்ரவரி. எட்டு மாதம். முப்பது, முப்பத்தைந்து வியாழக்கிழமைகள். புதுப் பாட்டு எழுதுகிறோம் என்ற பேச்சு. மூன்றாவது பாட்டில் உன் டிரம்ஸுக்கு இடம் விட்டிருக்கிறேன் என்றுகூட ஒரு நாள் மேஜையைத் தட்டிக் காட்டினானே.

பாடகன் விடவில்லை. இரண்டாம் பாதி தொடங்கியதும் அவனைத் தோளில் கைபோட்டு மேடைக்கு இழுத்துப் போனான். "மக்களே, ஒரு தப்பு நடந்துபோச்சு. ரஸ் டக்வெல் உயிரோட இருக்காரு. இதோ!" கூட்டம் அதை நகைச்சுவை என்று நினைத்துச் சிரித்தது. பிறகு யாரோ முகத்தை அடையாளம் கண்டு கத்த, கூடமே அதிர்ந்தது. கழுத்து சிவந்த ஆள் வாயைப் பிளந்துகொண்டு நின்றான். "யோவ், என்கிட்டயே கேட்டியேய்யா, எப்படிச் செத்தான்னு!"

மார்டி குச்சிகளை நீட்டினாள். ரஸ்ஸல் உட்கார்ந்தான். 'ராத்திரி ஷிஃப்ட்' தொடங்கினான். இரண்டு இடி, நிறுத்தம், மூன்று இடி. முதல் சரணம் முழுவதும் கை அவன் சொன்னபடி கேட்டது. இரண்டாம் சரணத்தில் மணிக்கட்டுக்குள் ஏதோ பூட்டிக்கொண்டது. குச்சி விரலை விட்டு வழுக்கிப் போனது. மார்டி குனிந்து தன் கையால் பக்கத்து டிரம்மைத் தட்டித் தாளத்தைத் தூக்கிப் பிடித்தாள். ரஸ்ஸல் இடக்கையாலும் காலாலும் ஒப்பேற்றிப் பாட்டை முடித்தான். கூட்டம் காது கிழியக் கத்தியது. அவர்களுக்குத் தெரியவில்லை. அவனுக்குத் தெரிந்தது. இந்தக் கை இனி ஒரு முழு நிகழ்ச்சியைத் தாங்காது.

மெஷின்காரரின் வீட்டைத் தாண்டி நிற்காமல் வண்டியை ஓட்டினான்.

உனன்டெராவில் நெவில் தன் வீட்டு முற்றத்தில் ஒரு வேனைக் கழுவிக்கொண்டிருந்தான். வேனின் பக்கவாட்டில் ரொட்டிப் படம். அவன் போட்டிருந்த சட்டையிலும் அதே படம். ரஸ்ஸலைப் பார்த்ததும் தண்ணீர்க் குழாயை மூடக்கூட மறந்து நின்றான்.

"நவ்ராவுல டேப் ஹோல் வாசிக்குது," என்றான் ரஸ்ஸல். "போய்ப் பாத்துட்டு வர்றேன்."

தண்ணீர் நெவிலின் செருப்பின் மேல் ஓடியது.

"வாயத் தொற மச்சான்."

"உனக்கு அடிபட்ட ரெண்டாவது வாரமே கிளைவ் வேற டிரம்மரக் கூட்டிட்டு வந்துட்டான்," என்றான் நெவில். "ரஸ் வர்ற வரைக்கும் நான் வாசிக்க மாட்டேன்னேன். அப்ப நீயும் கெளம்புன்னான். பேரு அவன்கிட்ட இருக்கு. கெளம்பிட்டேன். மார்ச்லேர்ந்து ரொட்டி வேன் ஓட்டுறேன்."

"அத ஏண்டா என்கிட்ட சொல்லல?"

"சொல்றதுக்குத்தான் வந்தேன். அந்த வியாழக்கிழமை. நீ கையில ஆணியோட படுத்திருந்த. வாசல்ல கால் வச்சதுமே, பேண்டு எனக்காக நிக்குமா மச்சான்னு கேட்ட. நிக்கும்னு வாய்ல வந்துடுச்சு. அடுத்த வாரம் சொல்லலாம்னு நெனச்சேன். அடுத்த வாரம் டாக்டர் குடுத்த ரப்பர் பந்தப் பிடிச்சு அமுக்கிட்டிருந்த. நானூறு தடவ ஆச்சுன்னு எண்ணிச் சொன்ன."

"எட்டு மாசமா அமுக்குறேன்டா அந்தப் பந்த! இல்லாத பேண்டுக்காக!"

"அதனாலதான் சொல்லல. சொல்லியிருந்தா பந்தத் தூக்கி எறிஞ்சிருப்ப. இன்னிக்கு ஃபோர்க்கு பிடிக்க விரல் இருந்திருக்காது."

ரஸ்ஸல் அடிக்கத்தான் போனான். வலது கை பாதி உயர்ந்து நின்றுவிட்டது. அங்கே கவிழ்த்து வைத்திருந்த ரொட்டிப் பெட்டி ஒன்றின் மேல் உட்கார்ந்தான்.

"இன்னொண்ணு," என்றான் ரஸ்ஸல். "நான் செத்துட்டேன். தெரியுமா?"

"என்னது?"

"பெட்டி விழுந்து. மேடையில சொல்லி, ஊரே எனக்காகக் கிளாஸத் தூக்குது. வாராவாரம்."

இது நெவிலுக்குத் தெரியாது. வேனைப் பிடித்தபடியே தரையில் உட்கார்ந்துவிட்டான். "அம்மா யார்கிட்டயாவது கேள்விப்பட்டிருந்தா?" என்றான். "ஜனீன் கேட்டிருந்தா?" பிறகு இரண்டு கையாலும் முகத்தை மூடிக்கொண்டு, அந்தப் பெரிய உடம்பு குலுங்க, சத்தம் போட்டு அழுதான். பத்து வருடத்தில் ரஸ்ஸல் அவனை அப்படிப் பார்த்ததில்லை.

"வியாழக்கிழமை வராத," என்று சொல்லிவிட்டு எழுந்தான். "எப்ப வரணும்னு நானே சொல்றேன்."

பதினைந்து நாள் கழித்து மார்டியிடமிருந்து தொலைபேசி வந்தது. நால்வருமாகச் சேர்ந்து கிளைவிடமிருந்து விலகிவிட்டார்களாம். வேறு பெயரில் வாசிக்கப் போகிறார்களாம். செத்துப்போன டிரம்மருக்கென்று பாடிய அந்தப் பாட்டை இனி தொட மாட்டோம் என்றாள். கிளைவ் ஒரு மாதத்துக்குள் வேறு நான்கு பேரைப் பிடித்துவிட்டான். கிறிஸ்துமஸ் சமயத்தில் டேப் ஹோல் குவீன்ஸ்லாந்தில் ஊர் ஊராகப் போய்க்கொண்டிருந்தது. அவர்கள் யார், என்ன பெயர் என்று ரஸ்ஸல் விசாரிக்கவில்லை.

ஐந்து வியாழக்கிழமைகள் வாசலுக்கு யாரும் வரவில்லை. ஜனீன் இரண்டு கோப்பைத் தேநீர் மட்டும் போட்டாள். ஆறாவது வியாழன் ரஸ்ஸல் தானே வண்டியை எடுத்துக்கொண்டு உனன்டெராவுக்குப் போனான். நெவில் கதவைத் திறந்தபோது, உள்ளே போகாமல் வாசலிலேயே நின்று, "அந்த மூணாவது பாட்டு," என்றான். "டிரம்ஸுக்கு இடம் விட்டிருக்கேன்னு சொன்னியே. அதுவும் பொய்யா?"

"இல்ல," என்றான் நெவில். "அது மட்டும் நெசம்."

"வாசிச்சுக் காட்டு," என்றான் ரஸ்ஸல்.